காங்க்ஸ்... ஓம்... பாக்ஸ்!

கண்ணைக் கட்டிவிட்டார்கள். உடம்பில் கறுப்பு அங்கி. இடுப்பைச் சுற்றி மூன்று சுற்றுக் கயிறு. எதிரே யார் இருக்கிறார்கள், எத்தனை பேர் இருக்கிறார்கள், ஒன்றும் தெரியாது. சாம்பிராணி வாசனை மட்டும் மூக்கில் ஏறுகிறது. யாரோ கையைப் பிடித்து அழைத்துப் போகிறார்கள். மண்டி போடச் சொல்கிறார்கள். சத்தியம் வாங்குகிறார்கள்.

என்ன சத்தியம்? இங்கே பார்ப்பதையும் கேட்பதையும் வெளியே மூச்சு விடமாட்டேன். விட்டால்? இந்தச் சபையின் தலைவர்கள் ஏவிவிடும் ஒரு பயங்கர சக்தி என் மேல் பாயட்டும். இடி விழுந்தவன் மாதிரி நான் செத்து விழலாம், கைகால் விளங்காமலும் போகலாம். எனக்குச் சம்மதம்.

அப்புறமும் சுற்றிச் சுற்றி நடை, கேள்வி, பதில். கடைசியில் சட்டென்று கண்கட்டை அவிழ்க்கிறார்கள். இத்தனை நேரம் இருட்டில் இருந்த கண்ணுக்கு முன்னால் விளக்கு, இரண்டு தூண்கள், அங்கி போட்ட உருவங்கள். மூன்று பேர் ஆளுக்கு ஒரு வார்த்தையாக உச்சரிக்கிறார்கள். முதலில் எகிப்திய மொழியில் மூன்று வார்த்தைகள். தொடர்ந்து...

காங்க்ஸ்... ஓம்... பாக்ஸ்...

முடிந்தது. தீட்சை ஆகிவிட்டது. இனி நீங்கள் சபையில் ஒருவர்.

இது ஏதோ மாயாஜாலப் படத்தின் காட்சி இல்லை. 1890 மார்ச் 7-ம் தேதி, லண்டனில், இருபத்து நாலு வயசு இளைஞர் ஒருவர் இப்படித்தான் இந்தச் சபையில் சேர்ந்தார். பெயர், வில்லியம் பட்லர் யேட்ஸ். ஆமாம், பின்னால் 1923-ல் இலக்கியத்துக்கான நோபல் பரிசு வாங்கினாரே, அதே யேட்ஸ்தான். சபையின் பெயர், 'ஹெர்மெடிக் ஆர்டர் ஆஃப் த கோல்டன் டான்'. தமிழில் பொன் விடியல் சபை என்று வைத்துக்கொள்ளுங்களேன்.

சரி, அந்த மூன்று வார்த்தைகளுக்கு என்ன அர்த்தம்?

'பரந்து விரியும் ஒளி' என்றது சபை. எகிப்துக் கோயில்களில் பிறந்து, கிரேக்கத்துக்குப் போய், எலூசிஸ் என்ற ஊரில் ஆயிரக்கணக்கான வருஷம் ரகசியமாக ஓதப்பட்டு வந்த மந்திரம் என்றது. கேட்டவர்களுக்கு மயிர்க்கூச்செறிந்ததில் ஆச்சரியமில்லை.

நடுவில் நம்ம 'ஓம்' வேறு உட்கார்ந்திருக்கிறது, கவனித்தீர்களா? அது எப்படி அங்கே போனது?

அங்கேதான் இருக்கிறது கதை.

*

முதலில் எலூசிஸுக்குப் போய்விட்டு வருவோம்.

ஏதென்ஸிலிருந்து மேற்கே சுமார் இருபது கிலோமீட்டர். டிமீட்டர் என்ற தானியத் தெய்வத்தின் கோயில் அங்கே இருந்தது. டிமீட்டருக்கு ஒரே மகள், பெர்சிஃபனி. பாதாள ராஜா அவளைத் தூக்கிக்கொண்டு போய்விடுகிறான். தாய் துக்கத்தில் உட்கார்ந்துவிட, பூமியில் ஒரு விதை முளைக்கவில்லை. கடைசியில் ஒரு சமரசம். வருஷத்தில் கொஞ்ச காலம் மகள் பாதாளத்தில், மீதிக் காலம் தாயோடு. மகள் திரும்பும்போது பயிர் முளைக்கும்.

இந்தக் கதையை வைத்துத்தான் எலூசிஸில் தீட்சை. வருஷா வருஷம் ஏதென்ஸிலிருந்து ஊர்வலமாக நடந்து போவார்கள். கிரேக்க மொழி தெரிய வேண்டும், கையில் கொலைப்பாவம் இருக்கக்கூடாது. நிபந்தனை அவ்வளவுதான். பெண்கள் வரலாம், அடிமைகளும் வரலாம். அந்தக் காலத்துக்கு இது பெரிய விஷயம். ராத்திரியில், ஆயிரக்கணக்கானோர் கூடும் பெரிய மண்டபத்தில், எதையோ காட்டுவார்கள், எதையோ சொல்வார்கள். வெளியே வருகிறவருக்குச் சாவைப் பற்றிய பயம் போய்விடும் என்று பேச்சு.

எதைக் காட்டினார்கள்? மூச்! சொன்னால் மரண தண்டனை. சும்மா மிரட்டல் இல்லை சார், நிஜமாகவே. கி.மு. 415-ல் ஆல்சிபியாடிஸ் என்கிற ஏதென்ஸ் தளபதி வசமாக மாட்டிக்கொண்டார். வீட்டில் குடித்துக் கும்மாளம் போடும்போது எலூசிஸ் சடங்கை நடித்துக் காட்டிக் கிண்டல் செய்தார் என்று புகார். சிசிலி மீது படையெடுத்துப் போயிருந்த மனிதரை, பாதியில் திரும்பி வா என்று கூப்பிட்டார்கள். அவர் எதிரி நாடான ஸ்பார்ட்டாவுக்கு எஸ்கேப். இங்கே அவர் இல்லாமலேயே மரண தண்டனை விதித்து, அவருடைய சொத்துகளை ஏலம் விட்டார்கள். இந்த வழக்குகளில் சிக்கியவர்களின் சொத்து ஏலக் கணக்கைக் கல்லில் வெட்டி வைத்திருக்கிறார்கள். கட்டில், மேஜை, அடிமை என்று ஐட்டம் வாரியாக விலை போட்ட கல்வெட்டுத் துண்டுகள் இன்றும் இருக்கின்றன.

அரசாங்கமே காவல் காத்த ரகசியம் அது. கி.பி. 392-ல் ரோமப் பேரரசர் தியடோசியஸ் பழைய தெய்வ வழிபாடுகளுக்குத் தடை போட்டார். சில வருஷங்களில் அலாரிக்கின் கோத் படை வந்து இடித்தது. எலூசிஸ் முடிந்தது. ரகசியமும் அதோடு மண்ணுக்குள் போய்விட்டது.

ஆக, உலகத்திலேயே மிகப் பிரபலமான ஒரு காலி இடம் உருவாகிவிட்டது. அங்கே என்ன சொன்னார்கள் என்று யாருக்கும் தெரியாது. காலி மனை கிடந்தால் சும்மா விடுவார்களா? பட்டா போட்டுக்கொள்ள ஆட்கள் வராமலா போவார்கள்?

*

எலூசிஸ் இடிந்து நூறு, இருநூறு வருஷத்துக்குள் அலெக்ஸாண்ட்ரியாவைச் சேர்ந்த ஹெஸிகியஸ் என்பவர் ஓர் அகராதி தொகுத்தார். வழக்கொழிந்த கிரேக்கச் சொற்கள், அபூர்வச் சொற்கள், வட்டார வழக்குகள் எல்லாவற்றுக்கும் அர்த்தம் சொல்லும் அகராதி. அதன் கையெழுத்துப் பிரதி ஒன்றே ஒன்றுதான் தப்பிப் பிழைத்தது. பதினைந்தாம் நூற்றாண்டுப் பிரதி. அதை வைத்து 1514-ல் வெனிஸ் நகரில் அல்டஸ் என்ற பிரபல பதிப்பாளர் அச்சில் கொண்டுவந்தார்.

அதில்தான் இருந்தது இந்த வார்த்தை. 'காங்க்ஸ் ஓம்பாக்ஸ்'. பக்கத்தில் விளக்கம்: தீட்சை பெற்றவர்களுக்குச் சொல்லும் வாழ்த்தொலி.

ஆஹா! பதினேழாம் நூற்றாண்டில் மெர்சியஸ் என்ற டச்சு அறிஞர் எலூசிஸ் பற்றியே தனியாகப் புத்தகம் எழுதினார். தீட்சை முடிந்து பக்தர்களை அனுப்பி வைக்கும்போது எலூசிஸ் பூசாரிகள் சொன்னது இதுதான் என்று அறிவித்துவிட்டார். ஆயிரம் வருஷ ரகசியம் உடைந்தது என்று எல்லோரும் நம்பினார்கள்.

அடுத்த கேள்வி, அர்த்தம் என்ன? கிரேக்கத்தில் இப்படி ஒரு சொல் கிடையாது. கிரேக்கத்தில் இல்லையென்றால் வெளியூர்ச் சரக்காகத்தானே இருக்க வேண்டும்? ஆளாளுக்குக் கிளம்பினார்கள். லெ கிளர்க் என்ற அறிஞர் இது ஃபினீஷிய மொழி என்றார். விழிப்பாயிரு, தீங்கு செய்யாதே என்று அர்த்தமாம். திபெத்திய மொழியிலிருந்து வந்ததாக ஒரு கட்சி. அந்தக் கருத்தை எடுத்துப் பேசியவர் லேசுப்பட்டவர் இல்லை. ஜெர்மன் தத்துவ மேதை இம்மானுவேல் காண்ட்! 1795-ல் அவர் வெளியிட்ட 'நிரந்தர சமாதானம்' என்கிற புகழ்பெற்ற நூலின் அடிக்குறிப்பு ஒன்றில் இந்த வார்த்தை வருகிறது.

மூன்றாவது கட்சி, நம்ம ஊர்க் கட்சி.

பிரான்சிஸ் வில்ஃபோர்ட் என்பவர் ஜெர்மனியின் ஹனோவரில் பிறந்து, கிழக்கிந்தியக் கம்பெனியின் ராணுவத்தில் என்ஜினீயராக இருந்தவர். காசியிலேயே தங்கி சமஸ்கிருதம் படித்தார். 1798-ல் 'ஏஷியாட்டிக் ரிசர்ச்சஸ்' இதழில் ஒரு கட்டுரை எழுதினார். காங்க்ஸ் என்பது காங்க்ஷா. அதாவது மனசார விரும்பும் பொருள். ஓம், ஓமேதான். பாக்ஸ் என்பது பக்ஷம். சுத்தமான சமஸ்கிருதம், பிராமணர்கள் இன்றும் சடங்கு முடிவில் சொல்வதுதான் என்று அடித்துச் சொன்னார். ஐரோப்பாவில் பலர் அசந்துபோனார்கள். கிரேக்கர்களுக்கு ஞானம் கங்கைக் கரையிலிருந்து போயிருக்கிறது!

கேட்க நமக்கும் ஜிலீரென்றுதான் இருக்கிறது. ஆனால் கொஞ்சம் பொறுங்கள். இந்த வில்ஃபோர்டுக்கு ஒரு ஃபிளாஷ்பேக் உண்டு. புராணங்களில் எகிப்தும் நைல் நதியும் வருகின்றனவா என்று தேடித் தரும்படி ஒரு பண்டிதரைச் சம்பளத்துக்கு வைத்திருந்தார். துரை எதைத் தேடுகிறார் என்பதைப் பண்டிதர் புரிந்துகொண்டார். புரிந்துகொண்டு, சுவடியில் இல்லாததை எழுதிச் சேர்த்துக் கொடுத்தார்! துரை கேட்டதெல்லாம் கிடைத்துக்கொண்டே இருந்தது. அதை நம்பி அவர் பக்கம் பக்கமாக எழுதினார். சர் வில்லியம் ஜோன்ஸ் மாதிரி பெரிய தலைகளே முதலில் நம்பிவிட்டன. கடைசியில் சுவடியில் பெயர்கள் திருத்தப்பட்டிருப்பதை வில்ஃபோர்டே கண்டுபிடித்து நொந்துபோனார். 1805-ல் அதே 'ஏஷியாட்டிக் ரிசர்ச்சஸ்' இதழில் தான் ஏமாந்த கதையை ஒளிக்காமல் எழுதினார். அந்த நேர்மைக்காகவாவது அவருக்கு ஒரு சலாம் போடலாம்.

ஆர்வம் ஒன்றும் தப்பில்லை. ஆனால் என்ன கிடைக்க வேண்டும் என்று முதலிலேயே முடிவு செய்துகொண்டு தேடினால் நிச்சயம் அது கிடைத்துவிடும். சிக்கலே அதுதான்.

*

நான் பி.காம். படித்தவன். ஆடிட்டிங் பேப்பரில் முதலில் சொல்லிக்கொடுக்கும் பாடம், லெட்ஜரில் என்ட்ரி இருந்தால் நம்பாதே, வவுச்சரைக் கேள் என்பது. எல்லோரும் லெட்ஜரைப் பார்த்துக்கொண்டிருந்தபோது வவுச்சரைக் கேட்டவர் ஒருவர் வந்தார். கிறிஸ்டியன் லோபெக். கோனிக்ஸ்பெர்க் நகரில் பேராசிரியர். காண்ட் வாழ்ந்து, பாடம் நடத்தி, இறந்தாரே, அதே ஊர்.

1829-ல் 'அக்லயோபாமஸ்' என்ற பெரிய புத்தகம் போட்டார் லோபெக். கிரேக்க ரகசிய மார்க்கங்களைப் பற்றி அதுவரை கட்டிவிடப்பட்ட கதைகளையெல்லாம் எடுத்துப் பிரித்து மேய்ந்தார். 'காங்க்ஸ் ஓம்பாக்ஸ்' வந்ததும் அவர் செய்தது ஒரே ஒரு காரியம். ஹெஸிகியஸின் அகராதிப் பதிவை முழுசாக, ஒழுங்காகப் படித்தார்.

அந்த 'ஓம்' மந்திரச் சொல் இல்லை. 'ஹொமொயோஸ்' என்ற சாதாரண கிரேக்கச் சொல்லின் சுருக்கம். அர்த்தம், 'அதேபோல்'. நாம் 'மேற்படி' என்பதை 'மே.' என்று போடுவோமே, அந்த மாதிரி. ஆக, அகராதியில் எழுதியிருந்தது இதுதான்: 'காங்க்ஸ் - அதேபோல் பாக்ஸ்'.

இரண்டும் தனித்தனிச் சொற்கள். இரண்டும் ஒரே மாதிரியான ஒலிக்குறிப்புகள். அதற்குக் கொடுத்திருந்த விளக்கத்தையும் தப்பாகப் படித்திருந்தார்கள். 'தீட்சை பெற்றவர்கள்' என்று எடுத்துக்கொண்டார்களே, அந்தக் கிரேக்கச் சொல்லுக்கு 'முடிந்துபோன காரியங்கள்' என்றும் அர்த்தம் உண்டு. இரண்டும் ஒரே வேரிலிருந்து வருவதால் வந்த வினை. உண்மையான விளக்கம், ஒரு காரியம் முடிந்ததும் போடுகிற சத்தம். நாம் வேலையை முடித்துவிட்டுக் கையைத் தட்டி 'அவ்ளோதான்' என்போமே, அது.

பதிவில் இன்னொரு விளக்கமும் இருந்தது. பழைய கிரேக்க நீதிமன்றத்தில் தீர்ப்புச் சொல்லும் நடுவர்கள் தங்கள் ஓட்டை ஜாடியில் போடுவார்கள். அது உள்ளே விழும்போது வருகிற சத்தம்.

டக்.

இவ்வளவுதான் சார் விஷயம்! மூன்று வார்த்தை மந்திரம். முதலாவது, டக். மூன்றாவது, டொக். நடுவில் ஒரு 'மேற்படி'. எகிப்தில்லை, ஃபினீஷியா இல்லை, திபெத் இல்லை, காசியும் இல்லை. எலூசிஸில் இதைச் சொன்னார்கள் என்பதற்கு இந்த ஒரே அகராதிப் பதிவைத் தவிர வேறு துரும்பளவு ஆதாரம் கிடையாது. அந்தப் பதிவிலேயே எலூசிஸ் என்ற பெயர் கிடையாது.

1829-லேயே அம்பலமான சமாச்சாரம். அப்படியானால், அறுபத்தோரு வருஷம் கழித்து யேட்ஸின் கண்கட்டை அவிழ்த்துவிட்டு இதை ஓதியவர்கள் யார்?

*

டாக்டர் வில்லியம் வின் வெஸ்ட்காட். லண்டனில் கொரோனர். சந்தேக மரணம் என்றால் விசாரித்துக் காரணம் சொல்லும் அதிகாரி. பகலில் பிணங்கள், ராத்திரியில் ரகசிய சாஸ்திரங்கள். இவரிடம் 1887 வாக்கில் சங்கேத எழுத்தில் எழுதிய சுமார் அறுபது தாள்கள் இருந்தன. டிரிதீமியஸ் என்ற பழைய ஜெர்மன் துறவியின் சங்கேத முறையை வைத்துப் படித்தால் உள்ளே இருப்பது ஆங்கிலம். தீட்சைச் சடங்குகளின் குறிப்பு.

கூடவே ஒரு விலாசம். ஜெர்மனியில் ஆனா ஸ்ப்ரெங்கல் என்ற பெண்மணி. அவர் அங்கே ஒரு பழம்பெரும் ரகசிய சபையின் மூத்த உறுப்பினர். வெஸ்ட்காட் கடிதம் போட்டாராம், அம்மணி பதில் போட்டாராம், லண்டனில் கிளை திறந்துகொள்ள அனுமதி கொடுத்தாராம். 1888-ல் மேதர்ஸ், வுட்மன் என்ற இரண்டு நண்பர்களோடு வெஸ்ட்காட் சபையைத் தொடங்கினார். லண்டன் கோயிலுக்கு என்ன நம்பர் தெரியுமா? மூன்று. அப்போதுதானே ஒன்றும் இரண்டும் ஏற்கெனவே இருப்பதாக ஊர் நம்பும்! 1890-ல் அம்மணி காலமாகிவிட்டார் என்று ஒரு கடிதம் வந்தது. இனிமேல் ஜெர்மனியிலிருந்து தொடர்பு இருக்காது என்றும் சேதி. வசதியாகப் போயிற்று.

ஆனா ஸ்ப்ரெங்கல் என்ற பெண்மணி இருந்ததற்கு ஆதாரம் எதுவும் இதுவரை கிடைக்கவில்லை. ஆராய்ச்சியாளர்களில் பெரும்பாலோர் அவர் கற்பனைப் பாத்திரம் என்றே சொல்கிறார்கள்.

சடங்குக் குறிப்புகளுக்குச் சதையும் ரத்தமும் கொடுத்தவர் மேதர்ஸ். பிரிட்டிஷ் மியூசியம் நூலகமே கதி என்று கிடந்த மனுஷன். நடிப்பும் கவிதையும் பக்தியும் கலந்த சடங்குகளை அவர் உருவாக்கினார். ஒரு வேடிக்கை. சடங்கின் முடிவில் எல்லோரும் ரோஜா முகர்ந்து, தீபம் தொட்டு, ரொட்டியும் உப்பும் ஒயினும் பகிர்ந்துகொள்வார்கள். கடைசி ஆள் கோப்பையைக் கவிழ்த்து 'முடிந்தது' என்பார். தலைவர் அதையே கிரேக்கத்தில் சொல்வார். உடனே நம்ம மந்திரம். ஹெஸிகியஸ் சொன்னபடியே, ஒரு காரியம் முடிந்ததும் போடுகிற சத்தம்! இதில் ஜோசியமும் இல்லை, கீசியமும் இல்லை. 'தீட்சை', 'முடிவு' என்ற இரண்டு அர்த்தமும் ஒரே வேர்ச்சொல்லில் கிடப்பதால் வந்த விளைவு.

இப்போது நேர்மையாக ஒன்றைச் சொல்லியாக வேண்டும். மந்திரம் டுபாக்கூர், கடிதம் டுபாக்கூர் என்று சிரித்துவிட்டுப் போய்விட முடியாது. அந்தச் சபை வெறும் கூத்து இல்லை. நூற்றுக்கும் மேற்பட்டவர்கள் தீட்சை பெற்றார்கள். பல கதவுகள் பெண்களுக்கு மூடியிருந்த காலத்தில், இங்கே ஆணும் பெண்ணும் சமம். முதலில் தீட்சை பெற்றவரே ஒரு பெண். தத்துவ அறிஞர் பெர்க்ஸனின் தங்கை, ஓவியர் மோயினா. தேயிலைக் குடும்பத்து வாரிசு ஆனி ஹார்னிமன் உறுப்பினர். 1904-ல் டப்ளினில் அப்பி தியேட்டர் உருவாகப் பணம் கொடுத்தவர் அவர்தான். பெர்னார்ட் ஷாவின் நாடகங்களில் நடித்த ஃபுளோரன்ஸ் ஃபார், 1897-லிருந்து லண்டன் சபைக்கே தலைவி. யேட்ஸ் இந்த உலகத்திலிருந்து முப்பது வருஷத்துக்கு மேல் வெளியே வரவேயில்லை. அவருடைய கவிதைகளின் படிமங்களில் கணிசமான பங்கு இங்கிருந்துதான் வந்தது.

அகராதிப் பிழையில் பிறந்த மூன்று சொற்கள் ஒரு கவிஞனைத் தட்டி எழுப்பியிருக்கின்றன. வார்த்தை பொய், அது கொடுத்த அனுபவம் பொய்யில்லை. இருட்டு, கயிறு, சத்தியம், திடீர் வெளிச்சம், சுற்றி நிற்கும் மனுஷர்களின் குரல். இத்தனைக்கும் நடுவில் அந்த இடத்தில் 'டக் டொக்' என்றே சொல்லியிருந்தாலும் உடம்பு சிலிர்த்திருக்கும். சொல்லப்போனால், அதைத்தான் சொன்னார்கள்!

அப்படியென்றால் என்ன கெட்டுப்போயிற்று, இருந்துவிட்டுப் போகட்டுமே என்கிறீர்களா? நானும் அப்படித்தான் சொல்லியிருப்பேன், கதை இங்கேயே முடிந்திருந்தால்.

*

1900 பிப்ரவரி 16. பாரிஸில் குடியேறியிருந்த மேதர்ஸிடமிருந்து ஃபுளோரன்ஸ் ஃபாருக்கு ஒரு கடிதம். வெஸ்ட்காட்டுக்கும் ஸ்ப்ரெங்கலுக்கும் கடிதப் போக்குவரத்தே கிடையாது, அந்தக் கடிதங்களை அவர் போலியாகத் தயாரித்தார் அல்லது தயாரிக்க வைத்தார் என்று போட்டு உடைத்திருந்தார். திடீரென்று ஏன் இந்த ஞானோதயம்? நிஜமான ஸ்ப்ரெங்கல் அம்மையார் செத்துப்போகவில்லை, இதோ பாரிஸில் என்னுடன்தான் இருக்கிறார் என்கிறார்!

ஃபாரும் யேட்ஸும் மற்றவர்களும் கமிட்டி போட்டு வெஸ்ட்காட்டைக் கேட்டார்கள். அவரோ சாட்சிகளெல்லாம் இறந்துவிட்டார்கள், என்னால் நிரூபிக்க முடியாது என்று வாயை மூடிக்கொண்டார். ஏப்ரலில் மேதர்ஸின் சார்பாக அலெய்ஸ்டர் கிரௌலி என்ற ஆசாமி, முகமூடியும் ஸ்காட்லாந்து உடையுமாக வந்து சபையின் இடத்தைக் கைப்பற்றப் பார்த்தார். போலீஸ் வரவேண்டியதாயிற்று. சபை உடைந்தது.

பாரிஸில் மேதர்ஸைச் சந்தித்த அந்த அம்மையார் யார்?

பல பெயர்களில் உலவிய ஒரு கைதேர்ந்த மோசடிக்காரி. 1888-ல், லண்டனில் சபை தொடங்கிய அதே வருஷம், நியூயார்க்கில் ஒரு வயதான வக்கீலிடம் ஆவிகள் வரைந்த ஓவியங்கள் என்று சொல்லி ஏமாற்றி, ஆறு மாதம் ஜெயிலுக்குப் போனவர். தியோ ஹோரோஸ் என்று பெயர் வைத்துக்கொண்ட கணவனோடு பாரிஸுக்கு வந்தார். மேதர்ஸ் நம்பினார். நம்பாமல் என்ன செய்வார்? பன்னிரண்டு வருஷமாக இல்லாத ஒருவருக்காகக் காத்திருக்கும் நாற்காலியில் யார் வந்து உட்கார்ந்தாலும் பொருந்தத்தானே செய்யும்! கணவனும் மனைவியும் சடங்குப் பிரதிகளைச் சுருட்டிக்கொண்டு கம்பி நீட்டினார்கள்.

லண்டனுக்கு வந்து, அதே 'கோல்டன் டான்' பெயரில் சொந்தக் கடை திறந்தார்கள். பத்திரிகையில் வரன் விளம்பரம் கொடுத்து இளம் பெண்களை வரவழைத்தார்கள். தீட்சை கொடுத்தார்கள். அதே கண்கட்டு. அதே சத்தியம். வெளியே மூச்சு விட்டால் இடி விழும்.

வந்தவர்களில் ஒருத்திக்குப் பதினாறு வயசு.

அந்த வீட்டில் அவளுக்கு என்ன நடந்தது என்பதை நான் விவரிக்கப் போவதில்லை. 1901 டிசம்பரில் வழக்கு ஓல்ட் பெய்லி நீதிமன்றத்துக்கு வந்தது. பாலியல் வன்முறைக்காகக் கணவனுக்குப் பதினைந்து வருஷம். துணை நின்ற மனைவிக்கு ஏழு வருஷம்.

விசாரணையில் அந்த ரகசியச் சத்தியம் சத்தமாகப் படிக்கப்பட்டது. எது வெளியே போனால் இடி விழும் என்றார்களோ, அது மறுநாள் பேப்பரில் வந்தது. லண்டன் முழுக்கச் சிரித்தது. இடி எதுவும் விழவில்லை. வெஸ்ட்காட், யேட்ஸ், ஃபார் யாருக்கும் அந்தக் கிரிமினல் தம்பதியோடு சம்பந்தமில்லை. ஆனால் பெயர் நாறிவிட்டது. பழைய சபை அந்தப் பெயரையே கைவிட்டது.

யோசித்துப் பாருங்கள். ஹோரோஸ் தம்பதி திருடிப் போனது எதை? மந்திரத்தையா? அதை வைத்து ஒரு ஈ, எறும்பைக்கூட அசைக்க முடியாது. அவர்களுக்குப் பயன்பட்டது அந்தச் சத்தியம்தான். யேட்ஸுக்கு மனசுக்குள் ஒரு கோயிலைக் கட்டிக் கொடுத்த அதே மௌனம், ஒரு பெண் பிள்ளையைப் பேசவிடாமல் வாயைப் பொத்துவதற்கும் அளவெடுத்துத் தைத்ததுபோல் பொருந்தியது. இந்த மந்திரம் யாருடையது, எங்கிருந்து வந்தது, உனக்கு அதிகாரம் கொடுத்தது யார் என்று கேட்கவே கூடாத ஓர் இடத்தை வெஸ்ட்காட் கட்டி வைத்தார். நல்ல நோக்கத்தில்தான் கட்டியிருப்பார். ஆனால் கேள்வி கேட்கக்கூடாத வீட்டுக்குள் நல்லவன் மட்டும்தான் வருவான் என்று யார் உத்தரவாதம் கொடுக்க முடியும்?

*

ஃபுளோரன்ஸ் ஃபார் 1902-ல் சபையை விட்டு விலகினார். அவர் அப்புறம் எங்கே போனார் என்பது நமக்குத் தெரிய வேண்டிய விஷயம். யாழ்ப்பாணத்துக்கு! சர் பொன்னம்பலம் இராமநாதன் லண்டனில் இருந்தபோது ஏற்பட்ட பழக்கம். சுன்னாகத்துக்குப் பக்கத்தில், மருதனார்மடத்தில், சைவப் பெண் பிள்ளைகளுக்காக இராமநாதன் ஒரு கல்லூரி தொடங்கினார். அதற்குத் தலைமை ஏற்க 1912-ல் கப்பல் ஏறினார் ஃபார். 1913-ல் பள்ளி திறந்தது. நாடக மேடை, ரகசிய சபை, எல்லாவற்றையும் விட்டுவிட்டு வந்த அந்த அம்மையார் தமிழ்ப் பெண் குழந்தைகளுக்கு நடுவில் வேலை பார்த்தார். 1917-ல் கொழும்பில் புற்றுநோயால் இறந்தார். ரகசியச் சத்தியம் வாங்கிய ஒரு சபையின் தலைவி, கடைசியில் வந்து நின்றது கைதூக்கிக் கேள்வி கேட்கும் வகுப்பறையில். எனக்கு இந்தக் கதையிலேயே ரொம்பப் பிடித்த இடம் இதுதான்.

மிச்சம் இருந்த ரகசியமும் நிலைக்கவில்லை. 1909-லிருந்து கிரௌலி தன் பத்திரிகையில் சடங்குகளை அச்சிட்டார். மேதர்ஸ் கோர்ட்டுக்குப் போனார், தடுக்க முடியவில்லை. 1937-லிருந்து 1940-க்குள் இஸ்ரேல் ரெகார்டி என்பவர் மொத்தத்தையும் நாலு பாகமாகப் புத்தகம் போட்டுவிட்டார். இன்றைக்கு யார் வேண்டுமானாலும் கடையில் வாங்கிப் படிக்கலாம்.

அகராதிக்காரர் ஹெஸிகியஸ் மட்டும் இதையெல்லாம் பார்த்திருந்தால் சிரித்திருப்பார். மனுஷன் எழுதி வைத்தது என்ன? நடுவரின் ஓட்டு ஜாடியில் விழும் சத்தம். டக். எத்தனையோ அறிஞர்கள் எத்தனையோ தேசத்தில் தேடியும் கிடைக்காத அந்த அர்த்தம், ஓல்ட் பெய்லியில் பதினாறு வயசுப் பெண் ஒருத்தி கூண்டில் ஏறி வாயைத் திறந்து பேசிய பிறகு, ஜூரிகள் தீர்ப்புச் சொன்னபோது கிடைத்துவிட்டது.

மந்திரம் சொல்கிறேன் என்று யாராவது வந்தால் தாராளமாகக் கேட்டுக்கொள்ளுங்கள், தப்பில்லை. வெளியே சொல்லமாட்டேன் என்று சத்தியம் கேட்டால் மட்டும் ஒரு நிமிஷம் நில்லுங்கள். அந்த மௌனம் யாரைக் காப்பாற்றப் போகிறது என்று பாருங்கள். உங்களையா, அவரையா?

கேட்பதற்குக் கூச்சமே வேண்டாம். வவுச்சர் எங்கே சார்?